ஃபீலாவின் மொழி

ஒடுக்குவோன் பேசுகிறான் என்பதற்காக ஒரு மொழியையே பகையென ஒதுக்கிவிடலாமா? ஆபிரிக்கான்ஸ் திரைக்கதாசிரியர் கிறிஸ் பார்னார்டின் (1939 - 2015) பணியை மதிப்பிடப் புகும் நாம் இக்கேள்வியைத் தாண்டிச் செல்ல இயலாது. தென்னாபிரிக்காவில் தொலைக்காட்சி தொடங்கியது 1976 ஜனவரியில். அதே ஆண்டு ஜூன் 16 இல், ஆபிரிக்கான்ஸ் மொழியிற் பாடம் புகட்டுவதை எதிர்த்துச் சொவேட்டோ மாணவர் வீதியில் இறங்கினர். பொலிசார் அவர்களைச் சுட்டனர். அந்த மொழியிலேதான் பார்னார்ட் நாவல்களும் நாடகங்களும் திரைக்கதைகளும் எழுதினார்.

அவருடைய ஆக்கங்களுள் எம்மை அதிகம் ஈர்ப்பது 1988 இல் வெளிவந்த 'ஃபீலாவின் பிள்ளை'. மூலக்கதை டாலீன் மத்தீயின் நாவல். நெறியாள்கை பார்னார்டின் மனைவி கற்றிங்கா ஹெயின்ஸ். காலம் 19 ஆம் நூற்றாண்டு. ஃபீலா கலப்பினத்தைச் சேர்ந்த ஏழைப் பெண். வாசலிற் கிடந்த மூன்று வயது வெள்ளைக் குழந்தையை எடுத்து ஒன்பது ஆண்டுகள் வளர்க்கிறாள். குடிசனக் கணக்கெடுக்க வந்தோர் பிள்ளையைக் காண்கின்றனர். அவ்வளவுதான், காட்டில் மரம் வெட்டும் வெள்ளைக் குடும்பமொன்று இழந்த மகன் இவனே எனத் தீர்ப்பாகிறது. பிள்ளையை அடையாளங் காட்டியது தாயுள்ளம் என்றே ஊர் நம்புகிறது. உண்மையில், எந்தச் சட்டை அணிந்த பையனைச் சுட்ட வேண்டும் என்பதை அதிகாரியே அவளுக்குச் சொல்லிக் கொடுத்திருந்தான்!

மனிதரை இனவாரியாகப் பதிவுசெய்த 1950 ஆம் ஆண்டுச் சட்டம் நடைமுறையிலிருந்த நாளில், நாடெங்கும் அவசரகால நிலை நிலவிய வேளையில், இக்காட்சியைப் பார்த்தோர் நூறாண்டுக்கு முந்திய கதையென்று மட்டும் எண்ணியிருப்பரோ? ஷலீன் சர்ட்டி-ரிச்சர்ட்ஸ் என்னும் நடிகை ஃபீலாவாக நின்று நியாயங் கேட்பதும் ஆபிரிக்கான்ஸில்தான். கேப் பகுதியின் அடிமைகளும் வேலைக்காரரும் பேசிப் பேசி உருவாக்கிய மொழியல்லவா அது! ஆள்வோர் அதைத் தமதென்று பிற்காலத்திலே உரிமை பாராட்டினர்.

ஆயினும் எமக்குக் குறையொன்றுண்டு. தான் அக்குடும்பத்தின் இரத்தமல்லன் என அறிந்ததும் இளைஞனுக்குத் தன் காதலியை அடைய வழி பிறக்கிறது. கதை அவனுடைய இன்பத்தை நோக்கி நகர்ந்துவிடுகிறது. பிள்ளையைப் பறிகொடுத்திருந்த ஆண்டுகளுக்காக எந்த அதிகாரியும் ஃபீலாவிடம் பதில் சொல்லவில்லை.

பார்னார்டின் சொந்தக் கற்பனையான 'பல்யாஸ்', தென்னாபிரிக்கா 1997 இல் ஆஸ்கர் பரிசின் பிறமொழிப் பிரிவுக்கு அனுப்பிய படம். ஒதுக்குப்புறப் புகையிரத நிலையத்தில் வாழும் குடும்பம், பேச்சை நிறுத்திய சிறுவன், அவனுக்கு நண்பனாகும் சர்க்கஸ் கோமாளி: உருக்கமான கதைதான். அந்நியனைக் கண்டு அஞ்சும் ஊராரின் குறுகிய மனத்தையும் அது காட்டுகிறது. ஆனால் அங்கே மௌனத்தால் துன்புறுவது வெள்ளைக் குடும்பம். 1994 தேர்தலின் பின் வந்த இப்படத்தில் நாம் தேடியது ஃபீலாவை.