தலைப்பாகைக்குள் ஓர் இலங்கையர்

இலங்கையில் பிறந்த அல்பர்ட் மோசஸ், பிரித்தானியத் தொலைக்காட்சியில் பெயர் வாங்கியது பஞ்சாபிச் சீக்கியராக. 1977இல் லண்டன் வீக்கெண்ட் தொலைக்காட்சி தொடங்கிய ‘மைன்ட் யுவர் லாங்குவேஜ்’ தொடரில் அவர் ரஞ்சித் சிங். டாக்காவில் பிறந்த டினோ ஷபீக், பாகிஸ்தானி அலி. மண்ணிறத் தோல் இருந்தால் போதும், எந்த ஊர் என்பது அவர்களுக்கு ஒரு பொருட்டல்ல.

மாலை வகுப்பில் ஆங்கிலம் படிக்கும் அந்நியர்களின் பிழைகள்தான் அங்கே நகைச்சுவை. அப்படியான வகுப்புகளில் குந்தியிருந்த நமக்கு, அந்தச் சிரிப்பு யாருடையது என்று விளக்கத் தேவையில்லை. தொடரை இனவாதம் என்று ஒதுக்குவதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் அதோடு சேர்த்து மோசஸையும் ஒதுக்கிவிடுவதைத்தான் ஏற்க முடியவில்லை. ரஞ்சித் ‘ஆயிரம் மன்னிப்பு’ கேட்கிறபோது எனக்குத் தெரிவது பணிவல்ல, ஒரு மிடுக்கு. வசனம் கூனவைக்கும் மனிதனை நடிகர் நிமிர்த்தி வைக்கிறார். (நமது விமர்சகர்கள் பிரதியை மட்டும் வாசிப்பார்கள், உடலை வாசிப்பதில்லை.)

பிறகு, ‘அன் அமெரிக்கன் வேர்வுல்ஃப் இன் லண்டன்’ (1981) படத்தில் வைத்தியசாலைச் சிற்றூழியர். ‘ஒக்டோபஸி’யில் (1983) பிரித்தானிய உளவுத்துறையின் இந்திய அதிகாரி, அங்கேயும் பொண்டுக்கு ஒத்தாசைதான். 2017இல் இறக்கும்வரை பலருக்கு அவர் ரஞ்சித்தாகவே இருந்தார்.