சிம்மலும் அப்பாவின் இஸ்திரிச் சட்டையும்

கியோர்க் சிம்மல் (1858–1918) பெர்லின்காரர், சமூகவியலின் முன்னோடிகளில் ஒருவர். பணம், பெருநகரம், நகை, ஓவியச் சட்டகம், ஜாடியின் கைப்பிடி, ரெம்பிராண்ட் என்று எதைப் பற்றியும் எழுதுவார். நான் படிச்சது பி.இ. சமூகவியல் வகுப்பு வாசலைக்கூட மிதிச்சதில்லை. அதனால இதை ஒரு வாசகனின் குறிப்பா எடுத்துக்கோங்க.

ஃபேஷன் பற்றி 1904-இல் அவர் எழுதிய கட்டுரையின் சாரம் இதுதான். மனுஷனுக்கு ரெண்டு ஆசை: நாலு பேரைப் போல இருக்கணும், நாலு பேர்ல தனியாவும் தெரியணும். ஃபேஷன் ரெண்டையும் ஒரே துணியில் முடிச்சுக் கொடுக்குது. மேல்தட்டு ஒன்றை உடுத்தும். கீழே இருப்பவர்கள் அதை எட்டிப் பிடிப்பார்கள். பிடித்ததுமே மேல்தட்டு அதைக் கைவிட்டு அடுத்ததுக்குப் போயிடும்.

இதை நான் கண்ணால பார்த்திருக்கேன். முதல் வேலைக்காக வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் மூணு ஃபார்மல் சட்டை வாங்கினேன். டக்-இன், பாலிஷ் போட்ட ஷூ. ஆபீஸ் போனா பெரிய மேனேஜர் கசங்கின டி-ஷர்ட், செருப்போட வர்றார். நாங்க இஸ்திரி போடக் கத்துக்கிட்டு வர்றதுக்குள்ள அவங்க இஸ்திரியை விட்டுட்டாங்க! சிம்மல் நூறு வருஷம் முன்னாடியே சொன்ன கணக்கு.

அப்புறம் நானும் முட்டியில் கிழிஞ்ச ஜீன்ஸ் ஒண்ணு வாங்கினேன். கொடுங்கையூர் வீட்டு வாசல்ல அப்பா தடுத்தார். "இப்படிக் கிழிஞ்சதைப் போட்டுக்கிட்டு போகக் கூடாதுன்னுதான்டா நாங்க உழைச்சோம்." அவருக்கு ஃபேஷன் தெரியலைன்னு சிரிச்சேன். எண்ணூர் பக்கம் ஒரு தொழிற்சாலையில் வேலை பார்த்தவர். ஷிஃப்ட் முடிஞ்சு வந்ததும் குளிச்சு, மடிப்பு கலையாத வெள்ளைச் சட்டை போட்டுக்கிட்டுதான் தெருவில் இறங்குவார்.

எங்க தாத்தா ராமநாதபுரம் பக்கத்திலிருந்து துறைமுகக் கூலியா மெட்ராஸ் வந்தவர். 1930 டிசம்பரில் அந்த மாவட்டத்தில் ஆதிக்க சாதியினர் ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடைகள் விதித்தார்கள். 1931 சென்சஸ் ஆணையர் ஜே. எச். ஹட்டன் சாதி பற்றிய தன் நூலில் இதைப் பதிவு செய்திருக்கிறார். ஆண்கள் சட்டையோ பனியனோ போடக் கூடாது. வேட்டி முழங்காலுக்குக் கீழே இறங்கக் கூடாது. கிராப்பு கூடாது, குடை கூடாது, செருப்பு கூடாது. பெண்கள் ரவிக்கை அணியக் கூடாது.

சிம்மலின் கணக்கு இடிக்கும் இடம் இதுதான். கீழே இருப்பவர் எட்டிப் பிடித்தால், மேலே இருப்பவர் புதுசு தேடிப் போவார் என்கிறார் அவர். இங்கே மேலே இருந்தவர்கள் நகரவே இல்லை. அடுத்தவன் முதுகிலிருந்து சட்டையைக் கழற்றப் பார்த்தார்கள்.

தோள்சீலைப் போராட்டத்தில் இது இன்னும் துல்லியமா தெரியும். இன்றைய குமரி மாவட்டம் அப்போ திருவிதாங்கூர். சென்னை ஆளுநர் டிரெவெல்யனின் அழுத்தத்துக்குப் பிறகு, 1859-இல் அரசர் நாடார் பெண்கள் மார்பை மறைக்கலாம் என்று ஆணையிட்டார். கூடவே ஒரு நிபந்தனை: உயர்சாதிப் பெண்கள் உடுத்துவது போல மட்டும் உடுத்தக் கூடாது. தனியாத் தெரியணும் என்ற அந்த ஆசையை இங்கே அரசாணையே காவல் காத்தது.

சிம்மலுக்குச் சட்டம் தெரியாமல் இல்லை. வெனிஸ் பிரபுக்கள் தங்கள் எண்ணிக்கை குறைவு என்பது மக்களுக்குத் தெரியாமலிருக்க, சட்டப்படி கறுப்பு உடுத்தியதை அதே கட்டுரையில் சொல்கிறார். ஆனால் அது மேலே இருந்தவர்கள் தங்களுக்கே போட்டுக்கொண்ட சட்டம். தடுக்கப்பட்டவர் ஒரு உடையை அணியும்போது அதைக் 'காப்பி அடிப்பது' என்று சொல்ல முடியுமா? உரிமை கேட்பதும் பார்வைக்கு அப்படியேதான் இருக்கும். இந்த வித்தியாசத்தைப் பிரிச்சுக் காட்ட அவரிடம் சொல் இல்லை.

இருந்தாலும் கட்டுரையை அவசியம் படிங்க. மேனேஜரின் கசங்கின டி-ஷர்ட்டை இதைவிட நல்லா விளக்கின எழுத்தை நான் படிச்சதில்லை. கிழிசலை ஸ்டைல்னு போட, உங்களைப் பார்த்து யாரும் ஏழைன்னு நினைக்க மாட்டாங்கங்கிற தைரியம் வேணும். அப்பாவுக்கு அந்தத் தைரியத்தை யாரும் கொடுக்கலை.

அவர் ரிட்டயர் ஆகி ரொம்ப நாளாச்சு. இப்பவும் தெருமுனை டீக்கடைக்குப் போக வெள்ளைச் சட்டைக்கு இஸ்திரி போடறார். இப்ப நான் சிரிக்கறதில்லை.