பூஜ்யம் என்றால் யார் வீடு?

சாதிக் கணக்கெடுப்பையும் குற்றப் பரம்பரைப் பட்டியலையும் அதிகாரத்தின் பிரதிகளாக வாசிக்கப் பழகிவிட்டோம். மருத்துவப் பட்டியலைக் கண்டால் மட்டும் நமக்கு ஒரு பணிவு வந்துவிடுகிறது. அது அறிவியல், அதற்குச் சாதி கிடையாது என்று விட்டுவிடுகிறோம். எனக்கு அந்தப் பணிவு கிடையாது.

நான் வாசிக்க எடுத்துக்கொள்வது பத்தே வரியுள்ள ஒரு பட்டியல். உலக சுகாதார நிறுவனத்தின் சர்வதேச நோய் வகைப்பாடு, 1990இல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தம், விபத்து, தற்கொலை, தாக்குதல் இவற்றுக்கெல்லாம் குறியீடு தருகிறது. குறியீட்டின் கடைசி இலக்கம் சம்பவம் நடந்த இடத்தைச் சொல்லும். பூஜ்யம் என்றால் வீடு. ஒன்று, சிறை, முதியோர் இல்லம் வகையறா. இரண்டில் பள்ளி, மருத்துவமனை, நீதிமன்றம். நான்கு தெரு. இப்படியே தொழிற்சாலை, பண்ணை என்று போய், குளம், காடு, ரயில் பாதை எல்லாவற்றையும் எட்டில் அள்ளிப் போட்டுவிட்டு, ஒன்பதில் 'இடம் குறிப்பிடப்படவில்லை' என்று முடிகிறது. நள்ளிரவு டியூட்டி டாக்டர் இடத்தை எழுதாமல் விட்டால் குறியீடு போடுகிறவர் என்ன செய்வார்? ஒன்பதைப் போட்டுட்டுப் போவார். பதினோராம் திருத்தம் 2022இல் நடைமுறைக்கு வந்துவிட்டாலும் பத்தாவது இன்னும் பல நாடுகளில் உயிரோடுதான் இருக்கிறது.

இந்த வகைப்பாட்டின் மூலவர் ழாக் பெர்த்தியோன். 1893இல் சிக்காகோவில் ஏற்கப்பட்ட மரணக் காரணப் பட்டியல் இவருடையது. இவருடைய சகோதரர் அல்ஃபோன்ஸ் பாரிஸ் போலீசுக்காகக் கைதானவர்களின் உடலை அளந்து அட்டை போட்டவர். ஒருத்தர் செத்தவனை வகைப்படுத்தினார், இன்னொருத்தர் பிடிபட்டவனை. இதை வைத்து ஃபூக்கோவை இழுத்து ஒரு கட்டுரை எழுதுவது சுலபம். எனக்கு இப்போது வேண்டியது அந்தப் பூஜ்யம்.

அடுக்குமாடிக் குடியிருப்பின் செப்டிக் டேங்கில் இறங்கியவர் ஹைட்ரஜன் சல்ஃபைடு தாக்கிச் சாகிறார் என்று வைத்துக்கொள்வோம். கைப்புத்தகம் என்ன சொல்லும்? எக்ஸ்47, வாயுக்களால் தற்செயலாக நஞ்சேறுதல். இடம்? மலக்குழி என்றொரு இடம் பட்டியலில் கிடையாது. வீட்டு வளாகம், தோட்டம், முற்றம் எல்லாம் வீட்டோடு சேர்த்தி. ஆக எக்ஸ்47.0. செத்தவர் 'வீட்டில்' செத்தார். அந்தக் கட்டடத்தின் எந்த வீட்டு வாசற்படியையும் அவர் மிதித்திருக்க மாட்டார் என்பது வேறு விஷயம். மின்வெட்டு இரவில் ஜெனரேட்டர் புகை அறைக்குள் புகுந்து தூக்கத்திலேயே இறந்துபோகிற வீட்டுக்காரருக்கும் இதே எக்ஸ்47.0தான். ரெண்டு சாவும் ஒரே கட்டத்தில் போய் உட்கார்ந்துகொள்கின்றன. பாதுகாப்புச் சாதனம் இல்லாமல் ஆளை இறக்குவதே குற்றம் என்கிறது 2013ஆம் ஆண்டுச் சட்டம். குறியீடு தற்செயல் என்கிறது. கூலி வேலையில் இருந்தபோது என்று குறிக்கத் தனியாக ஓர் இலக்கம் உண்டே என்று மருத்துவ நண்பர்கள் சொல்வார்கள். உண்டு. அதையும் போட்டால் போடலாம், விட்டால் விடலாம்.

வரிகளைக் கூட்டினால் சரியாகிவிடும் என்றும் நான் நம்பவில்லை. அமெரிக்கா 2015 அக்டோபரில் நடைமுறைக்குக் கொண்டுவந்த தன் சொந்தப் பதிப்பில் கோழிக்கூண்டுக்கு எண் இருக்கிறது, சிறைச்சாலையின் நீச்சல் குளத்துக்கு எண் இருக்கிறது. எத்தனை நுணுக்கம்! என்ன வகை இடம் என்று எவ்வளவு வேண்டுமானாலும் கேட்கும். யாருடைய இடம் என்று மட்டும் கேட்காது. ஊர்த்தெருவில் செருப்புப் போட்டு நடந்ததற்காக அடிபட்டவனுக்கும் அந்தத் தெருக்காரர்கள் தங்களுக்குள் அடித்துக்கொண்டதற்கும் அதே நான்குதான்.

போலீஸ் விஷயத்தில் இந்த இடமும் காணாமல் போகிறது. இட இலக்கம் ஒய்34ஓடு நின்றுவிடும். ஒய்35இன் பெயர் 'சட்ட நடவடிக்கை': கைது செய்யும்போதும் கலவரத்தை அடக்கும்போதும் போலீசும் ராணுவமும் உண்டாக்கும் காயம். இடத்துக்கான இலக்கத்தில் இங்கே ஆயுதம் வந்து உட்கார்ந்திருக்கிறது. ஒய்35.0 துப்பாக்கி, ஒய்35.3 லத்தி. தெருவிலா, லாக்கப்பிலா? கேள்வியே எழாது. அதிகாரிகள் செய்யும் கொடுமைக்கு ஒய்07.3 இருக்கிறது, ஆனால் ஒய்07க்கும் இட இலக்கத்திலிருந்து விலக்கு. சிறைக்கும் நீதிமன்றத்துக்கும் பட்டியலில் பெயர் உண்டு. காவல் நிலையத்துக்குப் பெயரே இல்லை. 2020இல் சாத்தான்குளத்துத் தந்தையும் மகனும் தரையில் உருண்டு காயம்பட்டதாக எழுதியது போலீசின் முதல் தகவல் அறிக்கை. காயம் கடை வாசலிலா காவல் நிலையத்திலா என்பதில்தான் அந்த வழக்கின் உயிரே இருந்தது.

நம் அரசு ஆஸ்பத்திரிகளின் விபத்துப் பதிவேடு இந்தக் குறியீட்டைவிடப் பழைய மாதிரி, ஆனால் அதில் ஆள் பேசுகிறான். 'இன்ன இடத்தில், இத்தனை மணிக்கு, தெரிந்த நாலு பேர் தடியால் அடித்ததாகச் சொல்கிறார்.' அந்தச் 'சொல்கிறார்' குறியீடாக மாறும்போது உதிர்ந்துவிடுகிறது.

நமக்கு எண்ணிக்கைதானே வேண்டும், எண்ணிக்கை இல்லாமல் கோர்ட்டில் என்ன பேசுவது என்று தோழர்கள் கேட்கிறார்கள். நியாயம்தான். 1993 முதல் மலக்குழிகளில் இறந்தவர்களின் குடும்பங்களைக் கண்டுபிடித்துப் பத்து லட்சம் தரச் சொன்னது உச்ச நீதிமன்றம், 2014இல். 2023இல் அது முப்பது லட்சமானது. ஆனால் எக்ஸ்47.0ஐ எத்தனை முறை சலித்தாலும் அந்தக் குடும்பங்கள் அதிலிருந்து வெளியே வராது. ஆஸ்பத்திரியில் ஏ.ஆர். காப்பி வாங்கும்போது இடம் எழுதியிருக்கிற வரியை அங்கேயே நின்று படித்துவிடுங்கள். தெருவும் கதவு எண்ணும் இருக்கிறதா, இறக்கிவிட்டவர் பெயரை உடன் வந்தவர் சொன்னபடி எழுதியிருக்கிறார்களா, அல்லது வெறுமே 'வீட்டில்' என்று இருக்கிறதா?