கேமராவுக்கு முன் ஒரு கூத்து இரவு

காஞ்சிபுரம், முசரவாக்கம், செய்யாறு வட்டாரத்தில் பாரதக் கூத்து நடக்கும் மாதங்களில், இப்போது கூத்துக் குழுவான ஜமா, ஆடுகளமான களரியில் இறங்கும் முன்பே கேமராவின் முக்காலி இறங்கிவிடுகிறது. சில நாட்களில் 'கர்ண மோட்சம்' யூடியூபில் ஏறி, பெங்களூரில் வேலை பார்க்கும் உள்ளூர்க்காரரின் கைப்பேசிக்குப் போய்ச் சேர்கிறது.

நாடகத்தை வீட்டுக்குக் கொண்டுபோகும் ஆசை பழையது. கிராமபோன் காலத்திலேயே முழு நாடகங்கள் பல இசைத்தட்டுகள் கொண்ட செட்டுகளாக விற்றன. மேடையில் புகழ்பெற்ற 'பவளக்கொடி' 1934இல் திரைப்படமானது. 1975இல் சென்னைத் தொலைக்காட்சி வந்ததும் சபா நாடகங்கள் கூடத்துக்கு வந்தன. இரவு முழுக்க ஆடும் கூத்து தொலைக்காட்சியின் அரை மணி, ஒரு மணிக் கணக்கில் அடங்கவில்லை. அமெரிக்க ஆய்வாளர் ஆல்ஃப் ஹில்டபைடல் செஞ்சிப் பகுதித் திரௌபதி விழாக்களை 1980களில் படமாக்கினார், அது வகுப்பறைக்கானது. கூத்து வீட்டுக்குப் போனது கேசட்டிலும் விசிடியிலும், இப்போது இணையத்திலும்தான்.

லண்டன் நேஷனல் தியேட்டர் 2009 முதல் தன் நாடகங்களைத் திரையரங்குகளுக்கு நேரலையாக அனுப்புகிறது. அங்கே பல கேமராக்கள் உண்டு, கேமராவுக்கென்றே தனி ஒத்திகையும் உண்டு. இங்கே பெரும்பாலும் ஒரு கேமரா, ஒரே ஆள். அவர் கண் ராஜவேடத்தின் முகத்தைத் தேடிப் போகிறது. சிக்கல் அங்கேதான் தொடங்குகிறது. திரைப் பிரவேசத்தில் இருவர் துணி பிடிக்க, வேடம் மறைவில் நின்று பாடும். சலங்கை கேட்கும், முகம் தெரியாது. கேமரா பக்கவாட்டில் நுழைந்து முகத்தைக் காட்டிவிட்டால் அந்தக் காத்திருப்பு போச்சு. நெருங்கி எடுத்தால், அடியை வாங்கிப் பாடும் பின்பாட்டும் முகவீணையும் ஆர்மோனியமும் படத்துக்கு வெளியே நின்றுவிடுகின்றன. துகிலுரிதலில் எழுந்து நின்று கற்பூரம் ஏற்றும் பெண்கள் அதில் வருவதில்லை. 'அர்ச்சுனன் தபசு' அன்று பாடிக்கொண்டே தபசு மரம் ஏறுகிறவரின் உயரம், கீழே கூடியிருக்கும் சனத்தையும் சேர்த்துக் காட்டினால்தான் புரியும். கோமாளியான கட்டியங்காரனின் உள்ளூர்க் கேலியையும் இனாம் அறிவிப்பையும் வெட்டுவது இன்னொரு தவறு. கதையை எந்தப் பதிவிலும் பார்க்கலாம். அந்த ஊரின் அந்த இரவு இவற்றில்தான் இருக்கிறது.

பதிவின் பயன் பொழுதுபோக்கு மட்டுமல்ல. பெருங்கட்டூர் ராஜகோபாலும் பிற கலைஞர்களும் 1990இல் காஞ்சிபுரத்தில் கட்டைக்கூத்துச் சங்கம் தொடங்கினார்கள். புஞ்சரசந்தாங்கலில் 2002 முதல் சிறுவர்களுக்கும் சிறுமிகளுக்கும் படிப்போடு கூத்தும் சொல்லித்தந்த அதன் குருகுலம் 2020இல் மூடப்பட்டது. இனி கூத்து பழக வருகிற பிள்ளைக்கு, அடவும் தாளமும் தெளிவாகத் தெரியும் முழு இரவுப் பதிவு வாத்தியாருக்கு அடுத்த துணை.

ஆகவே விழாக் குழுக்களுக்கு ஒரு வேண்டுகோள். ஜமாவுக்கு வெற்றிலை பாக்கு வைக்கும் அன்றே படப்பிடிப்புக்குச் சம்மதமும் தனித் தொகையும் பேசி முடியுங்கள். ஒரு கேமரா களரி முழுவதையும் அசையாமல் பார்க்கட்டும். முகத்துக்கு வேண்டுமானால் இன்னொன்று வையுங்கள். ஒலியை மிக்சரிலிருந்து நேராக எடுங்கள். வேடம் கட்டியவர், மேளம் வாசித்தவர், பின்பாட்டுப் பாடியவர் எல்லார் பெயரையும் பதிவில் போடுங்கள்.