பிரதியிடல் மட்டும் போதுமா?

இரண்டு மாறிகளில் அமைந்த நேரியல் சமன்பாடுகளைத் தீர்க்கப் பிரதியிடல் முறை ஒன்றே போதும், மற்றவற்றைத் தேர்வுக்காக ஒருமுறை பார்த்துக்கொண்டால் சரி என்று சொல்லும் ஆசிரியர்கள் இருக்கிறார்கள். நீக்கல் முறை வெறும் தந்திரம், பிரதியிடல்தான் புரிந்து செய்வது, அதோடு எல்லா வகைச் சமன்பாட்டுக்கும் அது பொருந்தும் என்பது அவர்கள் வாதம்.

பொருந்துவது உண்மை. இரு எண்களின் கூடுதல் 7, பெருக்கற்பலன் 12 என்றால் பிரதியிடலே நேர்வழி. ஒரு மாறி ஏற்கெனவே தனித்து நின்றால் வேறு முறை தேட வேண்டியதில்லை. ஆனால் 'புரிந்து செய்வது' என்பதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை.

கணிதவியலாளர் மகாவீரரின் கணித சார சங்கிரகத்தில் ஒரு பழக்கணக்கு உண்டு. 9ஆம் நூற்றாண்டு நூல் அது. 1912இல் சென்னை அரசு அச்சகம் ரங்காச்சாரியாரின் ஆங்கில மொழிபெயர்ப்போடு வெளியிட்டது. 9 நாரத்தம்பழமும் 7 விளாம்பழமும் சேர்ந்து விலை 107; 7 நாரத்தையும் 9 விளாவும் 101. ஒவ்வொன்றும் என்ன விலை?

9நா + 7வி = 107
7நா + 9வி = 101

பிரதியிடும் மாணவர் முதல் வரியிலிருந்து நா = (107 − 7வி)/9 என்று எடுப்பார். அதை இரண்டாவதில் போட்டு, 9ஆல் பெருக்கி, 749 − 49வி + 81வி = 909 என்று வந்து, வி = 5, நா = 8 என முடிப்பார். விடை சரி. ஆனால் இந்தக் கணக்கின் அழகான செய்தி, கெழுக்கள் இடம்மாறி நிற்கின்றன என்பது, அவர் கண்ணில் படவே இல்லை. இரண்டையும் கூட்டிப் பாருங்கள்: 16 நாரத்தையும் 16 விளாவும் 208, ஆகவே ஒரு ஜோடி 13. கழித்துப் பாருங்கள்: நாரத்தை விளாவைவிட 3 அதிகம். இரண்டு வரியிலும் சந்தையில் நிற்பவருக்குப் புரியும் பொருள் இருக்கிறது. மகாவீரர் தரும் விதியும் இந்த வழியில் வருவதுதான்: 107ஐ 9ஆலும் 101ஐ 7ஆலும் பெருக்கி, கழித்து, 81க்கும் 49க்கும் உள்ள வித்தியாசமான 32ஆல் வகுக்க வேண்டும். 256/32 = 8.

பிரதியிடலின் மேல் எனக்குள்ள நெடுநாள் குறை இதுதான். முதல் அடியிலேயே அது ஒரு சமன்பாட்டைக் கரைத்துவிடுகிறது. இரண்டு உண்மைகளை அருகருகே வைத்து, கூட்டி, கழித்து, மூன்றாவது உண்மை ஒன்றைப் பெறலாம் என்ற எண்ணமே மாணவருக்கு வாய்ப்பதில்லை. 2அ + 3ஆ = 7, 4அ + 6ஆ = 15 என்று கொடுத்தால் பிரதியிட்டு 14 = 15 என்று வந்ததும் அவர் தன் கணக்கில்தான் பிழை என்று அழிக்கத் தொடங்குகிறார். முதல் சமன்பாட்டை இரட்டிப்பாக்கி இரண்டாவதன் மேல் எழுதியிருந்தால், ஒரே இடப்பக்கம் 14ஆகவும் 15ஆகவும் இருக்க முடியாது என்று அங்கேயே தெரிந்திருக்கும்.

இயற்கணிதப்படி இரண்டும் ஒன்றே என்பார்கள். ஆம், மேலே நாவைப் பிரதியிட்டது, முதல் சமன்பாட்டின் 7/9 பங்கை இரண்டாவதிலிருந்து கழித்ததற்குச் சமம்தான். ஆனால் அதைத் தெரிந்தவர் ஆசிரியர். பின்னத்தோடு போராடும் பிள்ளைக்கு அந்தக் கழித்தல் எங்கே தெரிகிறது?

பத்தாம் வகுப்பில் மூன்று மாறிகள் வருகின்றன. சீனத்தின் 'ஒன்பது அத்தியாயங்கள்' நூலில் எட்டாவது அத்தியாயம் இத்தகைய கணக்குகளை, கெழுக்களைப் பலகையில் நிரல்களாக அடுக்கி ஒன்றிலிருந்து ஒன்றைக் கழித்தே தீர்க்கிறது; லியு ஹுய் 263இல் அதற்கு உரை எழுதினார். கல்லூரியில் அணிகளைக் கொண்டு செய்வதும் அதே வேலை. பிரதியிடல் மட்டும் பழகி வந்தவர் இந்த இடத்தில் புதிதாகத் தொடங்க வேண்டியிருக்கிறது. எனவே ஒன்பதாம் வகுப்பில் நீக்கலை முதலில், நிதானமாக, பழம் வாங்கும் கணக்குகளோடு நடத்துங்கள். பிரதியிடல் அதன் பின்னால் வரட்டும்.