ஏ.கே.செட்டியார்: எடுத்ததும் சேர்த்ததும்

ஏ.கே.செட்டியார் என்றதும் நாம் மைல் கணக்கைத்தான் முதலில் சொல்கிறோம். காந்தி ஆவணப்படத்துக்காக ஒரு லட்சம் மைல் சுற்றினார் என்று. எனக்கு வேறு இரண்டு எண்கள் முக்கியமாகப் படுகின்றன. அவர் சேகரித்த படச்சுருள் 50,000 அடி. 1940-ல் வெளியான படம் 12,000 அடி. 35 மி.மீ. சுருள் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். அப்படியென்றால் ஒன்பது மணி நேரத்துக்கு மேற்பட்ட காட்சிகளை இரண்டேகால் மணி நேரமாகச் சுருக்கியிருக்கிறார். நாலில் மூணு பங்கு வெளியே!

டோக்கியோவிலும் நியூயார்க்கிலும் புகைப்படக்கலை படித்தவருக்குப் படமெடுக்கத் தெரியாமல் இல்லை. ஆனால் 1937-ல், நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகும் கப்பலில் இந்த யோசனை வந்தபோது, தண்டி யாத்திரை முடிந்து ஏழு வருஷம் ஆகிவிட்டது. போனதைத் திரும்ப எடுக்க முடியாது. யார் யாரோ எடுத்து வைத்ததைத் தேடித்தான் போகணும். போனார்.

பிற்பாடு 'குமரி மலர்' இதழில் அவர் செய்ததும் இதே வேலைதான். பழைய இதழ்களில் புதைந்து கிடந்த எழுத்துகளைத் தேடியெடுத்துப் போட்டார். ஆவணப்படக்காரர், பயண எழுத்தாளர், இதழாசிரியர் என்று அவரைத் துறை துறையாகப் பிரித்துப் பாராட்டுவதில் எனக்கு உடன்பாடில்லை. எல்லாவற்றிலும் இருப்பது ஒரே குணம்: அடுத்தவர் செய்ததை மதித்துச் சேர்ப்பது, தன்னை முன்னால் நிறுத்தாமல் இருப்பது.

அந்த அடக்கமே ஒரு குறையும் ஆகிறது. 'அண்ணல் அடிச்சுவட்டில்' நூலில் காட்சிகள் கிடைத்த கதை விரிவாக இருக்கிறது. எதை ஏன் விட்டார் என்பது எனக்குப் போதவில்லை. வெட்டும் மேசையில் அவர் எப்படி யோசித்தார் என்று தெரிந்தால்தானே அவரிடமிருந்து தொழில் கற்றுக்கொள்ள முடியும்?

படத்தைப் பார்த்துத் தெரிந்துகொள்ளலாம் என்றால், தமிழ் மூலம் இன்று கையில் இல்லை. 1953-ல் ஹாலிவுட்டில் ஆங்கிலத்தில் உருவான வடிவத்தைத்தான் ஆ.இரா.வேங்கடாசலபதி அமெரிக்காவில் தேடிக் கண்டுபிடித்தார். உலகமெல்லாம் போய் மற்றவர்கள் எடுத்ததைக் காப்பாற்றியவரின் படத்தை நாம் காப்பாற்றவில்லை. ஒரே பிரதி இருந்தால் பிரதியே இல்லை என்பது எங்கள் மென்பொருள் தொழிலில் முதல் பாடம்.

நான் செக்காலைக்காரன், செட்டியார் பிறந்த கோட்டையூர் எங்களுக்குப் பக்கத்து ஊர். அந்தக் காலத்து நைட்ரேட் சுருள் எளிதில் அழிந்துபோகும், தீப்பிடிக்கும். அது இனிமேல் கிடைப்பது கஷ்டம்தான். ஆனால் ஒரு நோட்டீஸோ, ஒரு ஸ்டில்லோ, ஒரு கடிதமோ இந்தப் பக்கத்து வீட்டுப் பெட்டிகளில் இருக்கலாம். வீடுகளை இடித்து மரத்தையும் சாமானையும் விற்பதற்குள் வாசல் வாசலாகப் போய்க் கேட்கணும், அவர் கேட்ட மாதிரி.