பாட்டில் உண்டு, பட்டாவில் இல்லை!

கல்லுக்குச் சேலை கட்டினால் நாடு கைகூப்புகிறது. மனிதன் கட்டினால் கைகொட்டிச் சிரிக்கிறது. பாட்டிலே ஆடவன் பெண்ணாகிக் காதலித்தால் அது பக்தி. வீட்டிலே ஒருவர் தம் மனத்துக்கு இசைந்தவரைக் காதலித்தால் அது பழி! ஒரே நாக்கு இருவேறு பேச்சுப் பேசுகிறது. அந்த நாக்கின் நேர்மையைத்தான் நாம் இங்கே ஆராயப் புகுகிறோம்.

ஆராய்ச்சிக்கு ஏற்ற ஊர் திருவில்லிபுத்தூர். பதினொரு நிலைக் கோபுரம் அங்கே நிற்கிறது. பெரியாழ்வாரும் ஆண்டாளும் பாடிய ஊர் அது. விருதுநகர் மாவட்டத்தின் முதன்மை நீதிமன்றம் அமர்ந்திருப்பதும் அதே ஊரில்தான். ஒருபுறம் கோயில், மறுபுறம் கோர்ட்டு. ஒன்று பாட்டைக் காக்கிறது. மற்றொன்று பட்டாவைக் காக்கிறது. பாட்டில் ஏற்றதைப் பட்டாவில் ஏற்கிறார்களா என்பதே நம் கேள்வி.

முதலில் பாட்டைப் பார்ப்போம். பெரியாழ்வார் ஓர் ஆடவர். ஆனால் பாடும்போது யசோதையாகிறார், பிள்ளைக்குப் பாலூட்ட அழைக்கிறார், நீராட்டுகிறார், பூச்சூட்டுகிறார். ஆடவர் தாயானது எப்படி என்று எவரும் கேட்கவில்லை. நம்மாழ்வாரும் திருமங்கையாழ்வாரும் காதலிக்கும் பெண்ணாகவே நின்று பாடினர். வைணவ மரபு அவர்களுக்குப் பராங்குச நாயகி என்றும் பரகால நாயகி என்றும் பெண்பெயரே சூட்டி மகிழ்ந்தது. அரையர் சேவை இன்றும் நடைபெறும் மிகச் சில கோயில்களுள் திருவில்லிபுத்தூரும் ஒன்று. முத்துக்குறி என்னும் பகுதியிலே, தலையில் குல்லாய் அணிந்த அரையர் ஒருவரே தாயாகிறார், மகளாகிறார், குறி சொல்லும் கட்டுவிச்சியும் ஆகிறார். கூடியிருப்போர் கண்ணீர் மல்கக் கண்டு களிக்கின்றனர். வைகுண்ட ஏகாதசிக்கு முதல்நாள் வைணவக் கோயில்களில் பெருமாளுக்கே மோகினி வேடம் பூட்டுகின்றனர். கடவுள் பெண் வேடம் பூண்டால் திருவிழா! திருநங்கை ஒருவர் பெண்ணாக உடுத்தித் தெருவில் வந்தால் ஏளன விழா!

ஆண்டாளை எடுத்துக்கொள்வோம். மனிதர் எவருக்கேனும் தன்னை மணமுடிப்பதாகப் பேச்செழுந்தாலும் உயிர் தரியேன் என்று நாச்சியார் திருமொழியிலே அறுதியிட்டுச் சொன்னவர் அவர். ஊரார் வகுத்த திருமணத்தை மறுத்த பெண் அவர். 2018 சனவரியில் இராசபாளையத்தில் கவிஞர் வைரமுத்து ஆண்டாளைப் பற்றி ஆற்றிய உரையில், அவர் பிறப்பு குறித்த ஒரு மேற்கோளுக்காகத் திருவில்லிபுத்தூர் கொந்தளித்தது, ஜீயர் உண்ணாநோன்பிருந்தார். ஆண்டாள் எங்கே பிறந்தார் என்று அத்தனை பேர் வாதிட்டனர். ஆண்டாள் என்ன சொன்னார் என்று எத்தனை பேர் எண்ணிப் பார்த்தனர்? நான் விரும்பாதவரை என் தலையில் கட்டாதீர்கள் என்பதன்றோ அவர் சொன்னது! அதே சொல்லை இன்று ஒரு பெண் தன் வீட்டில் சொன்னால், கதவுக்குப் பூட்டு. கையில் இருக்கும் தொலைபேசி பறிமுதல். அடுத்த முகூர்த்தத்தில் கட்டாயத் தாலி!

ஆண்டாளை இன்றைய பெயர் எதனுள்ளும் அடைக்க நாம் வரவில்லை. பழம்பாட்டைச் சான்றாகக் காட்டித்தான் மனித உரிமை கேட்கவேண்டும் என்ற ஏழைமையும் நமக்கில்லை. பாட்டைப் போற்றும் கூட்டம் அப்பாட்டின் பொருளைப் போற்றவில்லை என்பதே நாம் காட்டுவது. "அது ஆன்மாவின் காதல், இது உடலின் காதல்" என்று அவர்கள் விடை சொல்லக்கூடும். ஆன்மாவுக்கு ஆண், பெண் வேற்றுமை இல்லை என்று சொல்லும் வைதீகம், அந்த ஆன்மா குடியிருப்பதாகத் தானே கூறும் உடல் தன் பாலைத் தானே சொன்னால் மட்டும் சீறுவானேன்?

கோயிலை விடுவோம், இலக்கணத்துக்கு வருவோம். ஆண்மை திரிந்து பெண்மை பூண்டாரைக் குறிக்கும் பெயரைத் தொல்காப்பியர் உயர்திணையில் வைத்தார். அப்பெயருக்குத் தனியே ஈறு இல்லை என்றார். ஆனால் அது ஆண்பால் ஈற்றைக் கொள்ளாது என்றும் திட்டமாகச் சொன்னார். இன்று திருநங்கையைப் பார்த்து "வாடா" என்று விளிப்பவன் மனிதப் பண்பை மட்டுமன்று, தமிழ் இலக்கணத்தையும் மீறுகிறான்! "அது வருகிறது பார்" என்பவனோ, தொல்காப்பியர் உயர்திணையில் வைத்தவரை அஃறிணைக்குத் தள்ளுகிறான். ஈராயிரம் ஆண்டுப் பெருமை பேசும் தமிழனுக்கு, அந்த இலக்கணத்தின் ஒரு நூற்பாவைக் கடைப்பிடிக்க மனமில்லை.

பெயரிடும் வேலையைத் தமிழகம் இக்காலத்தில் ஓரளவு செய்திருக்கிறது. கலைஞர் ஆட்சியில் "திருநங்கை" என்ற மதிப்புமிக்க சொல் அரசின் சொல்லாயிற்று. 2008 ஏப்ரல் 15இல் இந்தியாவிலேயே முதன்முதலாகத் திருநங்கையர் நலவாரியம் அமைந்தது. 2022இல் திருநர், ஊடுபால், பால்புதுமையர் போன்ற சொற்களைக் கொண்ட சொற்பட்டியலை அரசு வெளியிட்டது. சொல் கிடைத்தது. சொல்லுக்குரிய வாழ்வு கிடைத்ததா? அதைச் சட்டப் புத்தகம்தான் சொல்லவேண்டும்.

"இது மேனாட்டுச் சரக்கு" என்று சிலர் ஓலமிடுகின்றனர். மேனாட்டுச் சரக்கு எது? 1860இல் வெள்ளையன் எழுதிய இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 377ஆம் பிரிவே மேனாட்டுச் சரக்கு. இயற்கைக்கு மாறான உறவு என்று சொல்லி ஆயுள் தண்டனை வரை விதிக்க வழி செய்தது அது. 2009இல் தில்லி உயர்நீதிமன்றம், மனமொத்த வயதுவந்தோரின் தனி வாழ்வில் அப்பிரிவு புகலாகாது என்றது. 2013இல் உச்சநீதிமன்றம் மீண்டும் அதற்கு உயிர் கொடுத்தது. பாதிக்கப்படுவோர் மிகச் சிறு தொகையினர் என்பதும் அது சொன்ன காரணங்களுள் ஒன்று. உரிமையைத் தலை எண்ணித் தருவதா? அப்படியானால் பகுத்தறிவாளருக்கு இந்நாட்டில் பேச்சுரிமையே இராதே! 2018 செப்டம்பர் 6ஆம் நாள் ஐந்து நீதிபதிகள் ஒருமனதாக அத்தவற்றை நீக்கினர். குற்றவாளிக் கூண்டிலிருந்து காதல் வெளியே வந்தது.

கூண்டிலிருந்து வெளிவந்த காதலுக்குக் குடியிருக்க வீடு வேண்டாமா? 2014இல் உச்சநீதிமன்றம், தம் பாலினத்தைத் தாமே அறுதியிடும் உரிமை திருநர்க்கு உண்டு என்றது. 2019 ஏப்ரலில் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை, தூத்துக்குடியில் நடந்த திருமணம் ஒன்றைப் பதிவுசெய்ய அதிகாரிகள் மறுத்த வழக்கில், இந்துத் திருமணச் சட்டம் சொல்லும் "மணமகள்" என்ற சொல் திருநங்கையையும் குறிக்கும் எனத் தீர்ப்பளித்தது. திருவில்லிபுத்தூரும் இராசபாளையமும் அந்தக் கிளையின் எல்லைக்குள் அடங்கியவையே. 2021 சூன் 7இல் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், மதுரையிலிருந்து சென்னைக்குத் தஞ்சம் வந்த இரு பெண்களின் வழக்கில், தன்பால் ஈர்ப்பை "மருத்துவத்தால் மாற்றுகிறேன்" என்னும் மோசடிக்குத் தடை விதித்தார். இத்தீர்ப்பை எழுதுமுன் அவர் துறைவல்லார் ஒருவரிடம் அமர்ந்து பாடம் கேட்டார். தெரியாததைத் தெரிந்துகொண்டு தீர்ப்புச் சொல்வது, அதுவன்றோ பகுத்தறிவு!

ஆனால் 2023 அக்டோபர் 17இல் உச்சநீதிமன்றம் கைவிரித்தது. திருமணம் அடிப்படை உரிமை அன்று, தன்பால் இணையர்க்கு மணவுரிமை தருவது நாடாளுமன்றத்தின் வேலை என்று கூறிவிட்டது. மணத்துக்கு மாற்றாக ஒரு சட்டப் பிணைப்பேனும் வேண்டும் என்றோர் இருவர், மறுத்தோர் மூவர். மறுஆய்வு மனுக்களும் 2025 சனவரியில் தள்ளுபடியாயின. தீர்ப்பைத் திறனாய்ந்து பார்ப்பின் அதன் முரண் விளங்கும். இவர்கள் சேர்ந்து வாழலாம் என்கிறது. வாழ்ந்ததன் பயன் எதுவும் சட்டப்படி சேராது என்கிறது. அடுப்பு மூட்டலாம், சோறு மட்டும் பொங்கலாகாது!

இம்முரண் நம் இயக்கத்துக்குப் புதியதன்று. இதே விருதுநகர் மாவட்டத்தில், அருப்புக்கோட்டையை அடுத்த சுக்கிலநத்தத்தில், 1928இல் தந்தை பெரியார் முதல் சுயமரியாதைத் திருமணத்தை நடத்தி வைத்தார். புரோகிதனில்லை, ஓமப்புகையில்லை. இருவரின் இசைவு ஒன்றே சாட்சி. ஊர் என்ன சொன்னது? "இது திருமணமே அன்று" என்றது. மரபுக்கு விரோதம் என்றது. 1953இல் சென்னை உயர்நீதிமன்றமும் அத்தகைய மணம் செல்லாது என்றே தீர்த்தது. சேர்ந்து வாழ்ந்த மனைவி, சட்டத்தின் கண்ணில் மனைவியில்லை. பெற்ற பிள்ளை, சட்டத்தின் கண்ணில் பிள்ளையில்லை. அதற்காக நம் தோழர்கள் அம்மணத்தை நிறுத்தினரா? நிறுத்தவில்லை. வாழ்ந்து காட்டினர். 1967இல் பேரறிஞர் அண்ணாவின் அரசு 7-அ என்னும் பிரிவைச் சட்டமன்றத்தில் நிறைவேற்றியது; 1968இல் அது நடைமுறைக்கு வந்து, முன்பு நடந்த மணங்களையும் செல்லுபடியாக்கியது. முப்பத்தொன்பது ஆண்டுகள்! வாழ்வு முன்னே சென்றது. சட்டம் பின்னே வந்தது.

சுக்கிலநத்தத்தில் நின்றோர்க்கு இருந்த துணிவுதான் இன்று தன்பால் இணையர்க்கும் இருக்கிறது. அன்று புரோகிதனின் மந்திரம் இல்லாமையால் மறுத்தார்கள்; இன்று இணையருள் ஒருவர் ஆணாகவும் மற்றவர் பெண்ணாகவும் இல்லாமையால் மறுக்கிறார்கள். மணத்தின் உயிர் இருவரின் இசைவு என்று ஒப்புக்கொண்ட நாம், அந்த இசைவு எவரிடையே இருந்தாலும் மதிக்கக் கடமைப்பட்டவர்கள்.

"பசியும் பட்டினியும் இருக்க இது ஒரு போராட்டமா?" என்று கேட்கும் தோழர்களை இராசபாளையத்துக்கு அழைக்கிறோம். நூற்பாலைகளின் ஊர் அது. அதன் பக்கத்துச் சத்திரப்பட்டியில், காயத்துக்குக் கட்டும் மருத்துவத் துணியை நெய்து ஊர் ஊராக அனுப்புகிறார்கள். அத்தகைய ஊரிலே இரு பெண்கள் ஒரு வீட்டில் இணையராக இருபது ஆண்டு வாழ்ந்தனர் என்று வைத்துக்கொள்வோம். ஒருத்தி உயில் எழுதாமல் இறந்தால் என்ன ஆகும்? 1956ஆம் ஆண்டு இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் வாரிசுப் பட்டியலில் மற்றவளுக்கு இடமில்லை. இருவர் உழைப்பில் எழுந்த வீடு, இறந்தவள் பெயரில் பட்டா இருப்பின், இருபது ஆண்டு எட்டிப் பாராத உறவினனுக்குப் போகும். உழைத்துச் சேர்த்தது உழைத்தவளுக்கு இல்லை. இது பசியின் கேள்வி அன்றி வேறென்ன? செல்வர் வழக்கறிஞரை வைத்து உயிலும் பத்திரமும் எழுதிக்கொள்வர். தறியில் நிற்பவளுக்குச் சட்டம் ஒன்றுதான் துணை.

2024இல் ஒன்றிய அரசு, இத்தகைய இணையரை ஒரே குடும்ப அட்டையில் சேர்க்கலாம், வங்கியில் கூட்டுக் கணக்குத் தொடங்கத் தடையில்லை, இறந்த இணையரின் உடலைப் பெறலாம் என்று அறிவுரை வழங்கியது. நன்று. ஆனால் அறிவுரை சட்டம் ஆகாது. அரிசி வாங்கும்போது குடும்பம். ஆஸ்தி வாங்கும்போது அந்நியரா? 2025 மே மாதத்தில் சென்னை உயர்நீதிமன்றம், வீட்டாரால் அடைத்துவைக்கப்பட்ட இளம்பெண்ணை விடுவித்தபோது, திருமணம் ஒன்றே குடும்பம் அமைக்கும் வழியன்று, தாமே தேர்ந்த குடும்பமும் குடும்பமே என்றது. நீதிமன்றம் கதவைத் திறந்தது. வீட்டின் பத்திரத்தை எழுத வேண்டியது சட்டமன்றம்.

தமிழக அரசால் ஆகுமா? ஆகும். திருமணமும் குடும்பமும் பொதுப் பட்டியலில் உள்ளவை. 7-அ பிரிவைத் தமிழகம் தனக்கென இயற்றிக் குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்றது அவ்வழியில்தான். 2023 நவம்பரில் நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ், இணைந்து வாழ்வோர் தம் குடும்பப் பிணைப்பை ஆவணமாகப் பதிவுசெய்ய வழிகாணுமாறு தமிழக அரசுக்குக் கருத்துரைத்தார். உலகமும் நின்றுவிடவில்லை. 2019இல் தைவான் மணவுரிமை வழங்கியது. 2023இல் அண்டை நாடாகிய நேபாளத்தில் முதல் மணம் பதிவாயிற்று. 2025 சனவரியில் தாய்லாந்தில் மணச் சமத்துவச் சட்டம் நடைமுறைக்கு வந்தது. சீர்திருத்தத்தில் முன்னே நடந்த தமிழகம் இதில் பின்னே நிற்பதோ?

சட்டம் வருமுன் நாவு திருந்தவேண்டும். பகுத்தறிவு பேசும் மேடைகளிலும் எதிரியை இகழப் "பேடி" என்றும் "ஒன்பது" என்றும் எறியப்படும் சொற்களைக் கேட்கிறோம். பிறப்பைக் காட்டி மனிதனை இழிவுசெய்தலை எதிர்க்கப் பிறந்த இயக்கத்தின் மேடையில், பிறவியைக் காட்டி இழிக்கும் சொல்லுக்கு என்ன வேலை? எதிரியின் கோழைமையைக் கண்டிக்கக் கோழை என்ற சொல் தமிழில் இருக்கிறது. ஒருவரைத் தாழ்த்த இன்னொரு பிரிவினரைப் படிக்கல்லாக மிதிக்க வேண்டியதில்லை.

இளைஞர்களே! உங்கள் ஊர்ப் படிப்பகத்தில் இத்தீர்ப்புகளைப் படியுங்கள், தமிழில் எடுத்துரையுங்கள். வீட்டில் அடைபட்டோர்க்குச் சட்டத் துணை தேடித் தாருங்கள். உங்கள் சட்டமன்ற உறுப்பினரிடம், 1967இல் செய்ததை மீண்டும் செய்க என்று கேளுங்கள். சுயமரியாதைத் திருமண மேடையில், மனமொத்த எந்த இருவர் வந்து நின்றாலும் மாலை எடுத்துக் கொடுங்கள்.

ஆடவர் தாயாகிப் பாடியதைத் திருவில்லிபுத்தூர் ஆயிரம் ஆண்டுக்கும் மேலாகப் போற்றிவருகிறது. பாட்டில் இடம் கொடுத்தவர்கள் பட்டாவிலும் இடம் கொடுக்கட்டும்!